அடைவில் விடுபட்ட ஆறு பக்கம்

புத்தகத்தின் கடைசியில் பொடி எழுத்தில் சில பக்கங்கள் இருக்கும், பார்த்திருப்பீர்கள். எந்தச் சொல் எந்தப் பக்கத்தில் வருகிறது என்று அகரவரிசையில் அடுக்கியிருப்பார்கள். பொருளடைவு என்று அதற்குப் பெயர். ஒரு மனுஷி உட்கார்ந்து முதுகு ஒடிய அதைச் செய்கிறாள் என்பது வாசிக்கிறவர்களில் முக்கால்வாசிப் பேருக்குத் தெரியாது. தெரிந்தவர்களும் 'அதெல்லாம் இப்ப கம்ப்யூட்டரே போட்டுடுமே' என்று ஒரே பேச்சில் அவள் பிழைப்பைத் துடைத்துவிடுவார்கள்.

அலுவலகத்தில் அவளை அடைவக்கா என்பார்கள். சொந்தப் பெயருக்குச் சம்பள நாளில் மட்டும்தான் வேலை. டயர் கடைக்கு மேல் மாடியில் இருந்தது அந்தப் பதிப்பகம். படியேறும்போதே ரப்பர் வாடையும் பசை வாடையும் சேர்ந்து மூக்கில் ஏறும். சாதி எப்படி வந்தது, ஏற்றத்தாழ்வு ஏன் போகமாட்டேன் என்கிறது, வெள்ளைக்காரன் ஆண்டுவிட்டுப் போன தேசங்கள் என்ன கதிக்கு ஆளாயின, இந்த மாதிரிப் புத்தகங்களைத்தான் பதிப்பாளர் போடுவார். எதுவும் விற்காது. விற்காத புத்தகமாகப் பார்த்துப் போடுவதில் அவருக்கு அப்படி ஒரு பிடிவாதம். நல்ல மனிதர். நல்ல மனிதர்களால் வருகிற ஆபத்து தனி ரகம், அது பின்னால் வரும்.

அடைவக்காவின் வேலை முறை அவளுக்கே உரியது. வீணாய்ப் போன அச்சுத் தாள்களைச் சின்னச் சின்னச் சீட்டுகளாக வெட்டி வைத்துக்கொள்வாள். புத்தகத்தை வரிவரியாகப் படித்து, ஒரு சீட்டில் ஒரு சொல், பக்கத்தில் எண். சீட்டுகள் பழைய செருப்புப் பெட்டிகளில் அகரவரிசையில் நிற்கும். எல்லாம் முடிந்ததும் ஒரு சோதனை உண்டு. காசாளரைக் கூப்பிட்டு, "உங்களுக்கு யார் மேலயோ கோபம், அவசரமா ஒரு விஷயம் தேடணும், இந்தாங்க" என்று அடைவுத் தாள் கட்டை நீட்டுவாள். காசாளருக்கு எப்போதும் யார் மேலாவது கோபம் இருக்கும் என்பதால் நடிக்க வேண்டிய சிரமமில்லை. அவர் முதல் புரட்டலிலேயே தேடியதைக் கண்டுபிடித்தால்தான் அவளுக்குத் திருப்தி. தேடி வருகிறவன் நிதானமாக வரமாட்டான், கோபத்தோடும் அவசரத்தோடும் வருவான், அவன் எந்த வார்த்தையை மனதில் வைத்துக்கொண்டு வருவானோ அந்த வார்த்தையிலேயே அவனுக்கு வழி இருக்க வேண்டும் என்பது அவள் கொள்கை. அதில் அவளுக்கு ரொம்பப் பெருமையும் இருந்தது.

அவள் வாழ்க்கையில் பெருமைப்பட வேறு அதிகம் இல்லை. கணவன் லாரி ஓட்டுகிறான், வாரத்தில் பாதி நாள் சாலையில். ஒரே மகள், ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் புதிதாக வேலைக்குச் சேர்ந்திருந்தாள். இந்தக் குடியிருப்புக்கு வருவதற்கு முன்னால் நாலு வீடு மாறியாகிவிட்டது. ஒவ்வொரு வீட்டிலும் முதலில் சிரிப்பு, பிறகு "நீங்க எந்தப் பக்கத்து ஆளுங்க?" என்ற கேள்வி, பிறகு வீட்டுக்காரரின் தம்பிக்குத் திடீரென்று கல்யாணமாகி, அவன் குடிவரப் போவான். எத்தனை தம்பிகள்! இந்த மாடி வீட்டுக்கு வந்து பதினொரு வருஷம். யாரும் கேட்கவில்லை. இங்கே யாரை வைத்துக்கொள்வது, யாரை அனுப்புவது என்பதைக் குடியிருப்புச் சங்கம்தான் முடிவு செய்யும், சங்கம் தலையாட்டினால் போதும், வீட்டின் சொந்தக்காரர் ரெண்டாம் பேச்சு பேசமாட்டார். மகள் தலைநிமிர்ந்து படியேறி வருகிற ஒரே வீடு இது. இதை விட்டுவிடக் கூடாது என்பதுதான் அடைவக்காவின் ஒரே வேண்டுதல். மகளிடம் தாங்கள் யார் என்று அவள் சொல்லியே வளர்க்கவில்லை.

அப்படி இருக்கும்போதுதான் பதிப்பாளர் அந்தத் துரையின் புத்தகத்தைக் கொண்டுவந்து மேசைமேல் போட்டார். போட்ட வேகத்தில் தூசி கிளம்பியது. வெள்ளைக்காரன் காலத்தில் ஒரு துரை ஊர் ஊராகப் போய், மண்டையை அளந்து, மூக்கை அளந்து, இந்தச் சாதியைப் பற்றி அந்தச் சாதியிடம் கேட்டு, அந்தச் சாதியைப் பற்றி இந்தச் சாதியிடம் கேட்டு, சொன்னதையெல்லாம் எழுதி வைத்திருக்கிறான். அடுத்த வீட்டுக்காரனைப் பற்றி வம்பு கேட்டால் யார்தான் வாயை மூடிக்கொண்டிருப்பான்? பாதி வம்பு, மீதி அளவுகோல். அச்சில் வந்ததும் எல்லாம் உண்மையாகிவிட்டது. தமிழில் யாரோ என்றைக்கோ மொழிபெயர்த்திருக்கிறார்கள். தொள்ளாயிரம் பக்கம், அடைவு கிடையாது.

"இத மறுபடியும் போடப்போறோம்" என்றார் பதிப்பாளர். "நம்மள எப்படியெல்லாம் கூறு போட்டு வச்சிருக்கான்னு ஜனங்க தெரிஞ்சுக்கணும். ஒரு பேராசிரியர் நாப்பது பக்கம் முன்னுரை எழுதித் தரார், துரையைக் கிழிகிழின்னு கிழிச்சிருக்கார். நீங்க அடைவு போடுங்க. இந்தத் தடவை உங்க பேரை உள்பக்கத்துல தனியா அச்சடிக்கிறேன்."

அடைவக்காவுக்கு உச்சி குளிர்ந்துவிட்டது. இத்தனை வருஷத்தில் அவள் பெயரை யாரும் அச்சடித்ததில்லை. தொள்ளாயிரம் பக்கத்தையும் சந்தோஷமாகத் தூக்கிக்கொண்டு போனாள்.

கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு படித்தாள். துரை எழுதியதைப் படிக்கப் படிக்க வாய் கசந்தாலும் கை ஓடியது. சாதிப் பெயர் மட்டும் போட்டால் போதாது என்று அவளுக்கே தோன்றியது. வீட்டுப் பெயர், தெருப் பெயர், தொழில், பேசுகிற தினுசு, உடுத்துகிற தினுசு, எந்தப் பழக்கத்தை வைத்து யாரை அடையாளம் கண்டுகொள்ளலாம் என்று துரை எங்கெல்லாம் சொல்லியிருந்தானோ அதெல்லாம் தனித்தனிச் சீட்டாக விழுந்தது. ஓரிடத்தில் துரை எழுதியிருந்தான்: 'இவர்கள் பிறர் வீதியில் செல்லுங்கால் பாதரட்சையைக் கழற்றிக் கையில் ஏந்திச் செல்லுதல் வேண்டும். அவ்விதி தளர்ந்த பின்னும் மாடிப்படியின் கீழேயே அதனை விட்டு வெறுங்காலுடன் ஏறுகின்றனர்.' அவள் குடியிருப்பிலேயே மூன்றாம் மாடியில் இருந்த டெய்லரம்மாவின் வீட்டுச் செருப்புகள் ஞாபகத்துக்கு வந்தன. மழையோ வெயிலோ, அந்த வீட்டில் நாலு பேரும் படிக்கட்டின் அடியில் செருப்பை விட்டுவிட்டுத்தான் மேலே ஏறுவார்கள். ஞாபகம் வந்தது, போய்விட்டது. 'செருப்பு, படியின் கீழ் விடுதல்' என்று எழுதிச் சீட்டைப் பெட்டியில் போட்டாள்.

நானூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்தில் அவள் கை நின்றது.

அது அவளுடைய ஆட்களைப் பற்றியது. அவள் அப்பா வாழ்நாள் முழுக்க உச்சரிக்காமல் மென்று விழுங்கிய அந்தப் பெயர் தலைப்பாகவே இருந்தது. ஆறு பக்கம். எந்த மூலையில் குடியிருந்தார்கள், என்ன வேலைக்குக் கூப்பிட்டார்கள், எப்படிக் கூப்பிட்டார்கள் எல்லாம் இருந்தது. கடைசியில் ஒரு பத்தி: 'பிறர் மனையில் நீர் அருந்திய பாத்திரத்தைத் தாமே கழுவிக் கவிழ்த்து வைப்பர். ஏனையோர் அறியாது அதனை எடுத்து அருந்திவிடாதிருக்கும் பொருட்டே இவ்வழக்கம் ஏற்பட்டது. தம் வீட்டிலும் இவ்வாறே செய்கின்றனர். இவர்களை அறிவதற்கு இதுவே உறுதியான அடையாளம்.'

அவள் எழுந்து சமையலறைக்குப் போனாள். சமையல் திண்டின்மேல் மூன்று டம்ளர்கள் கழுவிக் கவிழ்த்து வரிசையாக இருந்தன. அம்மா அப்படி வைப்பாள், அதனால் அவளும் வைப்பாள், தூசி விழாமல் இருக்கத்தான் என்று இத்தனை காலமும் நினைத்திருந்தாள். மூன்றையும் நிமிர்த்தி வைத்தாள். திரும்பிப் பார்த்தபோது அவை அவளுக்கே யாரோ வீட்டு டம்ளர்கள் போல இருந்தன.

அந்த ஆறு பக்கத்துக்கு அவள் ஒரு சீட்டும் எழுதவில்லை. சாதிப் பெயருக்கும் எழுதவில்லை, டம்ளருக்கும் எழுதவில்லை. தொள்ளாயிரம் பக்கத்தில் ஆறு பக்கம், யார் கண்ணில் படப்போகிறது? இருபது வருஷ வேலையில் அவள் வேண்டுமென்றே விட்டது அது ஒன்றுதான். மற்றவர்களை எல்லாம் ஒருவர் விடாமல் எழுதிவைத்துவிட்டு, தன் வீட்டை மட்டும் இருட்டில் நிறுத்தினாள். அப்போது அதை அவள் அப்படி யோசிக்கவில்லை. தப்பித்தோம் என்றுதான் மூச்சு விட்டாள்.

காசாளர் சோதனை அமோகமாக முடிந்தது. "யம்மா, யாரைக் கேட்டாலும் பளிச்சுன்னு வருதே!" என்றார் அவர். புத்தகம் வந்தது. உள்பக்கத்தில் அவள் பெயர். தலைகால் புரியாத சந்தோஷத்தில் அவள் அன்றைக்குச் செய்த காரியம் இருக்கிறதே, அதைத்தான் பிறகு நினைத்து நினைத்து மாய்ந்துபோனாள். தனக்குக் கொடுத்த பிரதியைக் குடியிருப்புச் சங்கத்தின் செயலாளரிடம் கொண்டுபோய்ப் பெயர் வந்த பக்கத்தைத் திறந்து காட்டி, "சார், நீங்க படிக்கிறவர், வச்சுக்குங்க" என்று கொடுத்துவிட்டு வந்தாள்.

செயலாளர் கணக்குத் தணிக்கையில் அதிகாரியாக இருந்து ஓய்வு பெற்றவர். அதிர்ந்து பேசமாட்டார். இஸ்திரி போட்ட சட்டையோடுதான் வீட்டிலும் இருப்பார். தண்ணீர்த் தொட்டியைத் தானே ஏறிப் பார்ப்பார். எல்லாரையும் அம்மா, ஐயா என்றுதான் கூப்பிடுவார். அவர் புத்தகத்தை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டார். ஒரு வாரம் கழித்துப் படிக்கட்டில் பார்த்து, "அடைவு பிரமாதம்மா. அது இல்லேன்னா இந்தப் புத்தகத்துல ஒண்ணும் கண்டுபிடிக்க முடியாது" என்றார். அன்று முழுக்க அவள் கால் தரையில் பாவவில்லை.

புத்தகம் விற்றது. பதிப்பாளருக்கே நம்பிக்கை வரவில்லை. டயர் கடைக்காரர் வந்து ரெண்டு பிரதி கேட்டார். "பாத்தீங்களா, ஜனங்களுக்கு உண்மை தெரிஞ்சுக்கணும்னு தாகம்" என்று பதிப்பாளர் கண் கலங்கினார். அடைவக்கா ஒருநாள் புத்தகக் கடை ஒன்றில் நின்றுகொண்டிருந்தபோது அந்தத் தாகத்தைக் கண்ணால் பார்த்தாள். கணவனும் மனைவியுமாக இரண்டு பேர் வந்தார்கள். முன்னுரைப் பக்கம் போகவே இல்லை. புத்தகத்தைப் பின்பக்கமாகத் திறந்தார்கள். அந்தப் பெண் விரலை வைத்து மேலிருந்து கீழே ஓட்டிக்கொண்டே வந்து ஓரிடத்தில் நிறுத்தினாள்.

"இந்தா. சொன்னேன்ல, அவங்க பேச்சே ஒரு மாதிரின்னு."

"உங்க அண்ணன்கிட்ட இன்னைக்கே சொல்லிடு. நிச்சயம் பண்றதுக்கு முந்தியே."

கோபத்தோடும் அவசரத்தோடும் வருகிற வாசகன். அவனுக்காகத்தானே இத்தனை வருஷம் உழைத்தாள்? முதல் புரட்டலிலேயே கிடைத்துவிட்டது. அவள் வாங்க வந்ததை வாங்காமலே வெளியே வந்தாள்.

அடுத்தது குடியிருப்பில். ஒருநாள் காலையில் டெய்லரம்மா வீட்டுச் செருப்புகள் படியடியில் இல்லை. பெரிய கேட்டுக்கு வெளியே, தெரு ஓரத்தில், நாலு ஜோடியும் ஒழுங்காக வரிசையாக வைக்கப்பட்டிருந்தன. கோணல்மாணலாக எறிந்திருந்தால் நாய் இழுத்தது என்றாவது சொல்லலாம். டெய்லரம்மா போய் எடுத்துக்கொண்டு வந்தாள். மறுநாளும் அங்கேயே இருந்தன. அதற்கு மறுநாள் அவள் செருப்பை மேலே எடுத்துப்போய் வாசலில் வைத்தாள். அதுவும் விடிந்தால் கேட்டுக்கு வெளியே. யாரும் பார்த்தேன் என்று சொல்லவில்லை. யாரும் சத்தம் போடவில்லை, யாரும் கெட்ட வார்த்தை பேசவில்லை. தைக்கக் கொடுத்திருந்த துணிகளை மட்டும் ஒவ்வொருவராக வந்து, "இப்ப அவசரமில்ல, அப்புறம் தரோம்" என்று திருப்பி வாங்கிக்கொண்டு போனார்கள்.

அடைவக்கா லாரியில் இருந்த கணவனுக்குப் போன் செய்தாள்.

"செயலாளர்கிட்ட நான் போய்ப் பேசவா?"

"என்னன்னு பேசுவே? அவங்களுக்காகப் பேசினா, இவ ஏன் பேசுறான்னு நம்ம பக்கம் திரும்புவாங்க. நமக்கெதுக்கு வம்பு? வாயை மூடிக்கிட்டு இரு."

அவன் சொன்னதில் தப்பு கண்டுபிடிக்க முடியவில்லை. அதனால்தான் அது அவளை அறுத்தது. சங்கத்து அறையைக் கடந்துபோகும்போது ஜன்னல் வழியாகப் பார்த்தாள். மேசைமேல் துரையின் புத்தகம் இருந்தது. பின்பக்கங்களில் கலர் கலராக அடையாளத் தாள்கள் நீட்டிக்கொண்டிருந்தன.

டெய்லரம்மா வீட்டைக் காலி செய்த அன்று சாமான் வண்டி கேட்டுக்கு வெளியிலேயே நின்றது. உள்ளே விட இடமில்லை என்று காவலாளி சொல்லிவிட்டான். தையல் மிஷினை அவளும் மகனும் தூக்கிக்கொண்டு இறங்கினார்கள். அடைவக்கா ஒரு கை பிடித்தாள். அந்த வீட்டில் எத்தனை மத்தியானங்கள் உட்கார்ந்து பேசியிருக்கிறாள்! மகளுக்கு முதல் சுரிதார் அந்த மிஷினில்தான் தைத்தது. கீழே வந்ததும் டெய்லரம்மா மூச்சு வாங்க நின்று, மற்றவர்களுக்குக் கேட்காமல் கேட்டாள்.

"அக்கா, அந்தப் புத்தகத்துல எங்களைப் பத்தி என்னதான்கா போட்டிருக்கு?"

அடைவக்கா மிஷின் பக்கம் திரும்பிக்கொண்டாள். "நான் எங்க படிச்சேன்? கடைசிப் பக்கம் மட்டும்தானே என் வேலை. உள்ள என்ன இருக்குன்னு எனக்குத் தெரியாது" என்றாள்.

டெய்லரம்மா ஒரு நிமிஷம் அவள் முகத்தையே பார்த்தாள். பிறகு, "சரிக்கா, உடம்பைப் பாத்துக்குங்க" என்று சொல்லிவிட்டு வண்டியில் ஏறிக்கொண்டாள். அடைவக்காவுக்கு அழுகை வந்தது. அழவும் பயமாக இருந்தது, யாராவது பார்த்தால் இவளுக்கு ஏன் இவ்வளவு துக்கம் என்று கேட்பார்களே.

அதற்குப் பிறகு அந்த வீட்டில் டம்ளர் ஒரு வியாதி ஆயிற்று. "நிமிர்த்தி வை, நிமிர்த்தி வை" என்று மகளைப் போட்டுத் துளைத்தாள்.

"நீதானேம்மா சின்ன வயசுலேர்ந்து கவுத்து வைக்கச் சொன்னே? இப்ப என்ன திடீர்னு?"

"கவுத்து வச்சா ஈரம் நிக்குதுடி. வாடை வருது."

"எனக்கு ஒரு வாடையும் வரல. உனக்குத்தான் மூக்குல ஏதோ கோளாறு" என்று மகள் சிரிப்பாள். நாலு நாள் நிமிர்த்தி வைப்பாள், ஐந்தாம் நாள் கை தானாகக் கவிழ்க்கும். சொல்லப்போனால் அடைவக்காவின் கையே அப்படித்தான் செய்தது. தூக்கக் கலக்கத்தில் தண்ணீர் குடித்துவிட்டு வந்து படுப்பாள், காலையில் பார்த்தால் திண்டில் டம்ளர் கவிழ்ந்து கிடக்கும்.

இரண்டாம் பதிப்புக்கு வேலை ஆரம்பமானது. பதிப்பாளரிடம் அவள் போய் நின்றாள். "சார், அந்த அடைவை எடுத்துடலாம் சார். அது வேண்டாம்." அவர் பதறிப்போனார். "என்னம்மா இது, புத்தகத்துக்கு உயிரே அதுதான்னு எல்லாரும் சொல்றாங்க. நீங்க ரொம்ப அடக்கமா இருக்கீங்க, அதான் உங்க குறையே." அவளுக்குக் காரணத்தைச் சொல்ல வேண்டும். டெய்லரம்மா வீட்டுச் செருப்பு தெருவுக்குப் போனதைச் சொல்ல வேண்டும். செருப்பைச் சொன்னால் டம்ளர்வரை சொல்ல வேண்டிவரும். அவர் அவள் தோளைத் தட்டாத குறையாகப் பாராட்டி அனுப்பிவைத்தார்.

அந்த வாரமே ஒரு சாயங்காலம் வாசல் மணி அடித்தது. செயலாளர் நின்றிருந்தார். கையில் துரையின் புத்தகம்.

"தொந்தரவு பண்றேனாம்மா?"

"இல்ல சார், வாங்க சார், உக்காருங்க."

செருப்பை வாசலுக்கு வெளியே விட்டுவிட்டு வந்து, நாற்காலி நுனியில் உட்கார்ந்தார். புத்தகத்தை மடியில் வைத்துக்கொண்டார்.

"பழைய தொழில் புத்தி போகமாட்டேங்குதும்மா. உங்க அடைவைப் பக்கம் பக்கமாச் சரிபார்த்தேன். அடைவுலேர்ந்து பக்கத்துக்குப் போறது எல்லாரும் செய்வாங்க. நான் பக்கத்துலேர்ந்து அடைவுக்கு வந்தேன். ஒவ்வொரு பக்கத்துக்கும் குறைஞ்சது ஏழெட்டுச் சொல்லாவது பின்னாடி இருக்கு. எவ்வளவு உழைப்பு!"

"ஏதோ சார், நம்மால முடிஞ்சது."

"நானூத்திப் பன்னண்டுலேர்ந்து ஆறு பக்கத்துக்கு மட்டும் ஒரு சொல்கூட இல்ல." அவர் குரல் கொஞ்சமும் ஏறவில்லை. "தணிக்கையில எழுதி வச்சதை நாங்க அவ்வளவாப் பாக்கமாட்டோம்மா. எழுதாம விட்டதைத்தான் பாப்போம்."

அடைவக்காவின் முகத்தில் ஈயாடவில்லை. "அப்படியா சார்? பாக்காம விட்டிருப்பேன். சீட்டு ஏதாவது தவறிப்போயிருக்கும்."

"அப்படித்தான் இருக்கும்" என்று தலையசைத்தார். "கொஞ்சம் தண்ணி குடுக்கறீங்களா?"

அவள் எடுத்துவந்து கொடுத்தாள். அவர் வாங்கினார். குடிக்கவில்லை. மேசைமேல், நிமிர்ந்தபடியே, வைத்துக்கொண்டு பேசாமல் உட்கார்ந்திருந்தார். எதற்காக உட்கார்ந்திருக்கிறார் என்று அவளுக்குப் புரியவில்லை. மாடிப்படியில் காலடிச் சத்தம் கேட்ட பிறகுதான் புரிந்தது. மகள் வேலையிலிருந்து வருகிற நேரம்.

"வணக்கம் அங்கிள்" என்றபடி மகள் உள்ளே வந்தாள். வெயிலில் முகமெல்லாம் சிவந்திருந்தது.

"வா பாப்பா. களைச்சுப் போயிருக்கே, மொதல்ல தண்ணியைக் குடி" என்றார் செயலாளர்.

"நீ உள்ள போ. முகம் கழுவிட்டு வா" என்றாள் அடைவக்கா. குரல் அவளுக்கே அந்நியமாக இருந்தது.

"இரும்மா, தாகமா இருக்கு." கூடத்திலிருந்தே தெரிகிற சமையலறையில் மகள் குழாயைத் திறந்தாள். பிடித்தாள், குடித்தாள், டம்ளரை அலசினாள். அம்மா நிமிர்த்தி வைக்கச் சொன்ன ஞாபகம் கடைசி நொடியிலாவது வரக்கூடாதா என்று அடைவக்கா அங்கிருந்தே மன்றாடினாள். மகள் செயலாளரைப் பார்த்துச் சிரித்தபடியே டம்ளரைத் திண்டின்மேல் கவிழ்த்து வைத்துவிட்டு வந்தாள்.

செயலாளர் அந்த டம்ளரையே கொஞ்ச நேரம் பார்த்தார். "நல்ல பழக்கம். தூசி விழாது" என்றார். பிறகு எழுந்து, புத்தகத்தைத் தன்னுடைய டம்ளருக்குப் பக்கத்தில் வைத்தார். அவர் டம்ளரில் தண்ணீர் ஒரு சொட்டுக் குறையாமல் இருந்தது. "இதை நீங்களே வச்சுக்குங்கம்மா. ரெண்டாம் பதிப்புல அந்த ஆறு பக்கத்தையும் சேர்த்துடுங்க. எல்லாரையும் எழுதிட்டு ஒருத்தரை மட்டும் விடறது நியாயமில்லையே."

அவர் நோக்கம் நச்சு, சொன்ன வார்த்தையோ உண்மை. அவள் செய்தது நியாயமில்லைதான்.

அவர் கதவைச் சாத்திவிட்டுப் போனார். செருப்பைப் போட்டுக்கொள்கிற சத்தம் கேட்டது. ஆனால் படியிறங்குகிற சத்தம் கேட்கவில்லை. எதிர்வீட்டு மணி அடித்தது. கதவு திறந்தது, தாழ்ந்த குரலில் பேச்சு, கதவு மூடியது. அப்புறம் மாடியில் எந்த மணி அடிக்கும் என்று அவள் காதைத் தீட்டிக்கொண்டு நின்றாள்.

"என்னம்மா, ஏன் இப்படி நிக்கிறே? என்ன பக்கம், என்ன ஆறு பக்கம்?"

அடைவக்கா புத்தகத்தை எடுத்து நானூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்தைத் திறந்து மகள் கையில் கொடுத்தாள். "படி. இது நாமதான்" என்றாள். மகள் பிறந்ததிலிருந்து இருபத்தொரு வருஷம் வாய்க்குள் வைத்திருந்ததை இப்படி ஒரு அடியில் போட்டு உடைப்போம் என்று அவள் நினைத்ததேயில்லை. மகள் நாற்காலியில் உட்கார்ந்து படிக்க ஆரம்பித்தாள். முதல் பக்கம் திருப்பினபோதே அவள் முகத்தைப் பார்க்க அடைவக்காவுக்குத் தைரியம் போய்விட்டது. படுக்கையறைக்குப் போய்ப் போனை எடுத்தாள். கணவனுக்குப் போடவில்லை. டெய்லரம்மாவுக்குப் போட்டாள்.

"சொல்லுங்கக்கா. நல்லாருக்கீங்களா?"

"நான் அன்னைக்கு உங்கிட்ட பொய் சொன்னேன்." "படிச்சேன். ஒரு வரி விடாம எல்லாத்தையும் படிச்சேன். உங்க செருப்பை எழுதினதே நான்தான். எங்களைப் பத்தி இருந்ததை மட்டும் மறைச்சுட்டேன்."

மறுபக்கம் தையல் மிஷின் ஓடிக்கொண்டிருந்தது. அது நின்றது.

"எனக்குத் தெரியும்க்கா" என்றாள் டெய்லரம்மா. "எங்க வீட்டுல வந்து தண்ணி குடிப்பீங்கல்ல? எத்தனை வருஷம். ஒருநாளாவது என்னைக் கழுவ விட்டிருக்கீங்களா? நீங்களே கழுவி, கவுத்து வச்சுட்டுத்தானே போவீங்க. எங்க அம்மா ஊர்ல பாத்திருக்கேன், எனக்கு அது புதுசில்ல."

அடைவக்கா கட்டிலில் உட்கார்ந்துவிட்டாள்.

"நாங்க காலி பண்றதுக்கு முந்தி அவர் எங்கிட்ட வந்து கேட்டார்க்கா. 'அந்த அடைவு போடுற அம்மா எந்த ஆளுங்க, உனக்குத் தெரிஞ்சிருக்குமே, சொல்லு, உன் விஷயத்தைப் பேசித் தீத்துக்கலாம்'னு. தெரியாதுன்னுட்டேன்."

அவளால் அதற்கு மேல் தாங்க முடியவில்லை. வாயில் முந்தானையை வைத்துக்கொண்டு அழுதாள். டெய்லரம்மா அழட்டும் என்று விட்டாள். பிறகு, "வீட்டுக்கு வந்தாராக்கா?" என்று கேட்டாள்.

"இப்பதான் போனார்."

"அப்ப நேரம் கடத்தாதீங்க. மொதல்ல எல்லாச் செருப்பையும் எடுத்து வீட்டுக்குள்ள வைங்க. அங்கேர்ந்துதான் ஆரம்பிப்பாங்க."

அடைவக்கா போனைக் காதிலிருந்து எடுக்காமலே கூடத்துக்கு வந்தாள். மகள் கடைசிப் பக்கத்தில் இருந்தாள், தலை நிமிரவில்லை. அடைவக்கா வாசல் கதவைத் திறந்தாள். எதிர்வீட்டுக் கதவு சாத்தியிருந்தது. படிக்கட்டில் யாரும் இல்லை. மகள் சற்று முன்னால் கழற்றிவிட்டு வந்த செருப்பும் அவளுடைய செருப்பும் வாசல் கால்மிதிமேல் இல்லை. படிக்கட்டு ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்தாள். வெளிச்சம் இன்னும் இருந்தது. பெரிய கேட்டுக்கு வெளியே, தெரு ஓரத்தில், ரெண்டு ஜோடியும் வரிசையாக இருந்தன.